காணாமல் போன இருநூறு கோடி ஆண்டுகள்

பெரம்பலூர் மாவட்டத்தின் தெற்கு ஓரத்தில், தெரணி, ஊட்டத்தூர் சுற்றுவட்டாரத்தில், மழை அறுத்த ஓடைக்கரைகள் சிலவற்றில் இரண்டு பாறைகள் ஒன்றன்மேல் ஒன்றாகத் தெரியும். கீழே இருப்பது நைஸ் எனப்படும் படிகப் பாறை. பூமியின் ஆழத்தில் வெந்து, நசுங்கி, வரிவரியாக உருமாறியது. தென்னிந்தியாவின் அடித்தளமான இந்தப் பாறைகளுக்குச் சுமார் 250 கோடி ஆண்டு வயது கணக்கிடுகிறார்கள். அதன்மேல் கிடப்பது களிமண், மணல், சுண்ணாம்பு. ஆறும் கடலும் கொண்டுவந்து கொட்டியவை. அவற்றின் வயது பத்துப் பன்னிரண்டு கோடி ஆண்டுகளைத் தாண்டாது. இரண்டுக்கும் நடுவே ஒரு கோடு. கட்டைவிரலை வைத்தால் மறைந்துவிடும் அளவு. பூமியின் மொத்த ஆயுளில் பாதிக்கு மேல் அந்தக் கோட்டுக்குள் போய்விட்டது.

காலப்பயணக் கதைகளில் ஒரு கருவி தவறாமல் வரும். காலம் எங்கேயாவது அறுபட்டால் அலறும். உடனே ஒரு படை கிளம்பிப் போய் அறுந்ததை ஒட்டிவிட்டு வரும். அந்தக் கருவியை எந்தக் கதாசிரியரும் சரியாக விளக்கியதில்லை. காலம் ஒரே சீராக ஓடிக்கொண்டிருக்கும்போது அது அறுந்தது என்று எதைக் கொண்டு அளப்பது? நிலவியலாளர்களுக்கு இந்தச் சிக்கல் கிடையாது. காலம் அறுபடுவதில்லை, அதன் பதிவுதான் அறுபடுகிறது என்பது அவர்களுக்குத் தெரியும். அறுந்த இடத்தைக் கண்டுபிடிக்கவும், எத்தனை ஆண்டு தொலைந்தது என்று கணக்கிடவும், தொலைந்ததை வேறெங்கோ போய்த் தேடி எடுக்கவும் இருநூறு ஆண்டுகளுக்கு மேலாக அவர்கள் கருவிகள் செய்துவருகிறார்கள். அந்தக் கருவிகள் ஏறக்குறைய எல்லாவற்றையும் சோதித்துப் பார்க்கத் தமிழ்நாட்டில் ஒரு நிலம் உண்டென்றால், அது பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் இடைப்பட்ட இந்த வறண்ட பூமிதான்.

முதலில் பதிவு எப்படி அறுகிறது என்று பார்த்துவிடுவோம். வண்டல் சேர்ந்துகொண்டே இருந்தால்தான் பாறை வளரும். கடல் பின்வாங்கினாலோ, தரை மேலெழுந்தாலோ சேர்வது நின்றுபோகும். நின்றால்கூடப் பரவாயில்லை, மழையும் காற்றும் ஏற்கெனவே சேர்ந்ததையும் சுரண்டத் தொடங்கும். பிறகு கடல் திரும்பி வந்து, சுரண்டப்பட்ட அந்தப் பரப்பின்மேல் புது வண்டலைப் போடும். ஆகவே ஒவ்வோர் இடைவெளியிலும் இரண்டு இழப்புகள் உண்டு: எழுதப்படாமலே போன காலம் ஒன்று, எழுதியபின் அழிக்கப்பட்ட காலம் ஒன்று. இரண்டையும் பிரித்துச் சொல்வது கடினம். ஸ்காட்லாந்தின் சிக்கர் முனையில் 1788-இல் ஜேம்ஸ் ஹட்டன் இத்தகைய ஒரு கோட்டைக் கண்டுதான் பூமியின் வயது சில ஆயிரம் ஆண்டுகளில் அடங்காது என்று உறுதிகொண்டார். அங்கே தொலைந்தது சில கோடி ஆண்டுகள். ஊட்டத்தூர்ப் பக்கம் தொலைந்தது இருநூறு கோடிக்கும் மேல். ஹட்டன் இந்தப் பக்கம் வந்திருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ!

இந்த நிலத்தின் மேற்கு விளிம்பில் நைஸ் பாறை. அங்கிருந்து கிழக்கே போகப்போக அடுக்குகள் இளமையாகிக்கொண்டே வரும். படிவுகள் கிழக்கு நோக்கிச் சாய்ந்திருப்பதால் இந்த வசதி. ஆழத்துளை போட வேண்டியதில்லை. பேருந்தில் ஏறிக் கிழக்கே போனால் போதும், கோடிக்கணக்கான ஆண்டுகளைக் கடந்துவிடலாம். ஊட்டத்தூர்த் தொகுதி, அதன்மேல் திருச்சிராப்பள்ளித் தொகுதி, அதன்மேல் அரியலூர்த் தொகுதி, கடைசியாக நின்னியூர்ப் படிவு. டைனோசர்களின் கடைசி யுகமான கிரிட்டேசியக் காலத்தைப் படிப்பவர்கள் உலகெங்கும் இந்தப் பெயர்களை அறிவார்கள். காரை, சில்லக்குடி, கல்லங்குறிச்சி, ஒட்டக்கோவில், கல்லமேடு என்று நம் சிற்றூர்கள் பாறை அடுக்குகளின் பெயராகி ஆய்விதழ்களில் வலம்வருகின்றன.

1840களில் கேய், கன்லிஃப் என்ற இரண்டு ஆங்கிலேயர்கள் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிராப்பள்ளிப் பகுதிகளில் பொறுக்கிய கல்லாய்ப்போன சிப்பிகளும் நத்தைகளும் லண்டனுக்குப் போய்ச் சேர்ந்தன. எட்வர்ட் ஃபோர்ப்ஸ் அவற்றை ஆராய்ந்து 1846-இல் வெளியிட்டார். அதன்பின் 1857 முதல் இந்திய நிலவியல் ஆய்வுத்துறையின் ஹென்றி பிளான்ஃபோர்ட் இந்தப் பகுதி முழுவதையும் அளந்து வரைபடமாக்கினார். ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என்று தொகுதிகளைப் பிரித்தவர் அவர்தான். அவரிடம் இருந்த கருவிகள் சுத்தியல், திசைமானி, சாய்வுமானி, குதிரை. அவற்றை வைத்தே ஊட்டத்தூர்த் தொகுதிக்கும் அதன்மேல் உள்ள திருச்சிராப்பள்ளித் தொகுதிக்கும் இடையே ஓர் அறுப்பு இருப்பதைக் கண்டுவிட்டார். இதே பிளான்ஃபோர்ட் பிற்பாடு, 1875-இல், இந்திய வானிலைத் துறையின் முதல் தலைவரானார். இமயப் பனியைப் பார்த்துப் பருவமழையைக் கணிக்க முயன்றவர்.

சுத்தியலை வைத்து இடைவெளியை எப்படிக் கண்டுபிடிப்பது? சில தடயங்கள் உண்டு. கீழ் அடுக்கின் சாய்வும் மேல் அடுக்கின் சாய்வும் பொருந்தாமல் இருக்கும். மேல் அடுக்கின் அடியில் கூழாங்கற்கள் குவிந்திருக்கும். கீழ்ப் பாறையே உடைந்து உருண்டு அதில் கிடக்கும். சில இடங்களில் கீழ்ப் பரப்பில் விரல் பருமனில் துளைகள் இருக்கும். பாறையைக் குடைந்து வாழும் சிப்பிகள் போட்டவை அவை. அது எத்தனை பெரிய சான்று என்று யோசியுங்கள்: சேறு இறுகிக் கெட்டிப்பட்டு, கடலடியில் வெறுமையாக நெடுங்காலம் கிடந்தால்தான் அந்தச் சிப்பிகள் வந்து குடையும். இன்னொன்று பாஸ்பேட் உருண்டைகள். காரையின் களிமண்ணில் இவை கொட்டிக்கிடக்கின்றன. வண்டல் சேர்வது மிகவும் மெதுவாகும் காலத்தில் இத்தகைய உருண்டைகள் கடலடியில் விளையும்.

ஆனால் கண்ணுக்கு எந்தத் தடயமும் தெரியாத இடைவெளிகளும் உண்டு. களிமண்மேல் களிமண், ஒரே நிறம், ஒரே சாய்வு. அங்கே சுத்தியல் ஊமையாகிவிடும். உயிர்கள்தான் பேச வேண்டும்.

பிளான்ஃபோர்ட் தொடங்கி வைத்த புதைபடிவ விவரணையை முடித்தவர் ஃபெர்டினாண்ட் ஸ்டோலிச்கா. மொராவியாவில் பிறந்து 1862-இல் இந்தியா வந்தவர். தென்னிந்தியாவின் கிரிட்டேசிய உயிரினங்கள் பற்றிய அவருடைய நான்கு பெருந்தொகுதிகள் 1873-இல் நிறைவுற்றன. அம்மோனைட், வயிற்றுக்காலி, இரட்டை ஓட்டுச் சிப்பி, பவளம் என்று ஒன்றுவிடாமல் படம் வரைந்து, பெயரிட்டு, அளந்து வைத்தார். மறு ஆண்டே யார்க்கண்ட் பயணத்திலிருந்து திரும்பும் வழியில் லடாக்கில் இறந்துபோனார். வயது 36. அரியலூர்ப் பாறைகளுக்கு யார் வயது சொல்லப் புகுந்தாலும் இன்றும் ஸ்டோலிச்காவின் ஏடுகளைப் புரட்டாமல் முடியாது.

இதில் கடிகாரமாக வேலை செய்வது அம்மோனைட். சுருண்ட ஓடும், உள்ளே அறைகளும் கொண்ட, கணவாயின் தூரத்து உறவு. இந்த இனங்கள் வேகமாக மாறின. ஓர் இனம் தோன்றிச் சில லட்சம் ஆண்டுகளில் மறைந்து அடுத்தது வந்துவிடும். கடலெங்கும் பரவியும் இருந்தன. ஆகவே இங்கிலாந்தின் ஒரு சுண்ணாம்புப் பாறையிலும் காரையின் களிமண்ணிலும் ஒரே இனம் கிடைத்தால் இரண்டும் ஏறக்குறைய ஒரே காலம். அ, ஆ, இ என்று அடுத்தடுத்து வர வேண்டிய இனங்களில் ‘ஆ’ மட்டும் ஓரிடத்தில் இல்லையென்றால், அங்கே சில லட்சம் ஆண்டுகள் தொலைந்திருக்கின்றன என்று சந்தேகிக்கலாம். பாறையில் இருப்பதைவிட இல்லாததைப் படிக்கும் வேலை இது. பழகாத கண்ணுக்குப் பிடிபடாது. 2020 அக்டோபரில் குன்னம் பக்கம் குளத்தில் உருண்டை உருண்டையாகக் கற்கள் வெளிப்பட்டபோது ‘டைனோசர் முட்டை’ என்று கைப்பேசிகளில் செய்தி பறந்தது. வல்லுநர்கள் பார்த்தபோது அவை கடலடிச் சேறு உருண்டையாக இறுகிய கற்கள்; நடுவே அம்மோனைட்டுகள். முட்டையாக இருந்திருந்தால் பரபரப்பு கூடியிருக்கும் என்பது உண்மைதான். காலக் கணக்குக்கு அம்மோனைட்டே மேல்.

சாத்தனூர்க் கல்மரமும் இந்தக் கணக்குக்குள் வரும். 18 மீட்டருக்கு மேல் நீளமாகப் படுத்திருக்கும் அந்த ஊசியிலை மரத்தை 1940-இல் நிலவியலாளர் எம்.எஸ். கிருஷ்ணன் அறிவித்தார். 12 கோடி ஆண்டுப் பழமை என்று பரவலாக எழுதுகிறார்கள். மரம் கிடப்பதோ திருச்சிராப்பள்ளித் தொகுதியில். அந்தத் தொகுதியின் அம்மோனைட்டுகள் சொல்வது ஒன்பது கோடிக்குப் பக்கத்தில். மரத்தைவிட அதைச் சுற்றியுள்ள சிப்பிகளை நம்புவதே முறை என்பது என் கட்சி. மேற்கே இருந்த நிலத்திலிருந்து ஆறு அடித்துவந்து ஆழமில்லாக் கடலில் போட்ட மரம் அது.

அடுத்து வந்த கருவிகள் ஆய்வகத்தில் பிறந்தவை. பூமியின் காந்தப்புலம் அவ்வப்போது திசை மாறும், வடக்கு தெற்காகும். இரும்புத் தாதுள்ள வண்டல் அந்தத் திசையைப் பதிந்துகொள்ளும். உலகம் முழுவதும் ஒரே நேரத்தில் நடப்பதால் அருமையான கடிகாரம். ஆனால் காரைக்கு வந்தால் இது ஓடாது. ஏறத்தாழ 12 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 8.3 கோடி ஆண்டுகளுக்கு முன்வரை காந்தப்புலம் திசை மாறாமல் அப்படியே நின்றுவிட்டது. ஊட்டத்தூர்த் தொகுதி முழுவதும், திருச்சிராப்பள்ளித் தொகுதியின் பெரும்பகுதியும் அந்த நீண்ட நிற்றலுக்குள் விழுந்துவிட்டன.

அங்கே கைகொடுப்பது கடல்நீரின் வேதியியல். ஸ்ட்ரான்சியம் என்ற தனிமத்தில் 87 எடையுள்ள அணுக்களுக்கும் 86 எடையுள்ளவற்றுக்கும் உள்ள விகிதம் கடல் முழுவதிலும் ஒன்றாகவே இருக்கும். யுகம் மாறும்போது மெல்ல மாறும். பிந்தைய கிரிட்டேசியத்தில் அது ஏறத்தாழ 0.7073-க்கும் 0.7079-க்கும் இடையில் நகர்ந்தது. நான்காவது தசம இடத்தில் நடக்கும் மாற்றம். சிப்பி ஓடு கட்டும்போது அந்த விகிதத்தை அப்படியே எடுத்து வைத்துக்கொள்ளும். அடுக்கடுக்காகச் சிப்பி எடுத்து அளந்துகொண்டே போனால் விகிதம் சீராக ஏற வேண்டும் அல்லது இறங்க வேண்டும். திடீரென்று ஓரிடத்தில் தாவினால் அங்கே காலம் தொலைந்திருக்கிறது. எவ்வளவு தாவியது என்பதிலிருந்து எத்தனை லட்சம் ஆண்டு என்று சொல்லலாம். கதைகளில் வரும் கருவிக்கு மிக அருகில் வருவது இதுதான் என்பேன். ஓட்டுக்குள் பிற்காலத்து நீர் புகுந்து கலப்படம் செய்திருந்தால் மட்டும் பொய் சொல்லும். ஆகவே ஒவ்வொரு சிப்பியையும் முதலில் நுண்ணோக்கியில் சோதித்தாக வேண்டும்.

இடைவெளியைக் கண்டுபிடித்தாயிற்று. அது யார் செய்த வேலை? தரை எழுந்ததா, கடல் இறங்கியதா? காரையில் மட்டும் நின்றுகொண்டு இதற்குப் பதில் சொல்ல முடியாது. உலகின் வேறொரு மூலையில் அதே கணத்தில் அதே அறுப்பு இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இருந்தால் கடல்மட்டம்; இல்லாவிட்டால் உள்ளூர்த் தரை.

ஆண்டி கேல் என்ற ஆங்கிலேய நிலவியலாளரும் அவரது கூட்டாளிகளும் 2002-இல் வெளியிட்ட ஆய்வு இதைத்தான் செய்தது. காரைக் களிமண்ணின் செனோமேனியன் அடுக்குகளை, அதாவது 10 கோடி ஆண்டுகளுக்கும் 9.4 கோடி ஆண்டுகளுக்கும் இடைப்பட்டவற்றை, இங்கிலாந்து, பிரான்சுப் பகுதிகளின் அடுக்குகளோடு ஒன்றுக்கொன்று வைத்துப் பார்த்தார்கள். அறுப்புகள் பொருந்தின. பெரம்பலூரில் கடல் இறங்கியபோது ஐரோப்பாவிலும் இறங்கியிருக்கிறது. அதைவிட வியப்பு, அந்த ஏற்ற இறக்கத்தின் தாளம். ஏறத்தாழ 4 லட்சம் ஆண்டுகளுக்கு ஒருமுறை. பூமி சூரியனைச் சுற்றும் பாதை வட்டத்திலிருந்து நீள்வட்டத்துக்கும் மீண்டும் வட்டத்துக்கும் மாறும் கால அளவு அது. வியாழனும் வெள்ளியும் இழுப்பதால் நிகழ்வது. பனிப்பாறையே இல்லாத வெப்ப யுகம் என்று கருதப்பட்ட காலத்தில் சுற்றுப்பாதையின் மாற்றம் கடல்மட்டத்தை எப்படி அசைத்தது? அண்டார்டிகாவில் கொஞ்சம் பனி இருந்தது என்கிறார்கள் சிலர். நிலத்தடி நீராகத் தரையில் தேங்கியது என்கிறார்கள் சிலர். வழக்கு முடியவில்லை.

எல்லா அறுப்பும் வானத்தின் வேலையில்லை. ஊட்டத்தூருக்கும் திருச்சிராப்பள்ளித் தொகுதிக்கும் இடையே பிளான்ஃபோர்ட் கண்ட இடைவெளிக்கு மேலே திடீரென்று கரடுமுரடான மணலும் கூழாங்கற்களும் மரத்துண்டுகளும் வருகின்றன. மேற்கே நிலம் எழும்பியதற்கான அடையாளம். மடகாஸ்கர் இந்தியாவிலிருந்து பிரிந்த காலமும் ஏறக்குறைய அதுதான். இரண்டையும் முடிச்சுப் போடுபவர்கள் உண்டு.

நிர்வாக வரலாற்றிலும் இந்த மண்ணுக்கு ஓர் இடைவெளி இருக்கிறது. 2001 ஜனவரியில் பெரம்பலூரிலிருந்து பிரிந்த அரியலூர் மாவட்டம் அடுத்த ஆண்டே மீண்டும் பெரம்பலூரோடு இணைக்கப்பட்டு, 2007 நவம்பரில் மறுபடி பிரிந்தது. கோப்புகளை மட்டும் வைத்து வரலாறு எழுதப் புகும் ஒருவர் நடுவில் ஐந்தரை ஆண்டுகள் அரியலூர் என்ற மாவட்டம் காணாமல் போனதைக் காண்பார்.

இனி பெரிய அறுப்புக்கு வருவோம். 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் டைனோசர்களும் அம்மோனைட்டுகளும் அழிந்த எல்லை. லூயிஸ் ஆல்வாரஸும் அவர் மகன் வால்ட்டரும் 1980-இல் வெளியிட்ட கண்டுபிடிப்பு எல்லோருக்கும் தெரியும்: இத்தாலியின் குப்பியோவில் ஒரு சென்டிமீட்டர் கனமுள்ள களிமண்ணில் இரிடியம் என்ற உலோகம் வழக்கத்தைவிட முப்பது மடங்கு, ஆகவே விண்கல் மோதல். அவர்கள் இரிடியத்தைத் தேடிப் போன காரணம் அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. அவர்கள் விண்கல்லைத் தேடவேயில்லை. அந்த ஒரு சென்டிமீட்டர் களிமண் சேர எத்தனை ஆண்டுகள் ஆயின என்பதே கேள்வி. விண்வெளித் தூசி பூமியின்மேல் ஓயாமல், சீராகத் தூவிக்கொண்டிருக்கிறது. அதில் இரிடியம் உண்டு. பூட்டிக் கிடந்த வீட்டில் தூசியின் கனத்தைப் பார்த்து எவ்வளவு நாளாயிற்று என்று சொல்வதுபோல, இரிடியத்தை அளந்து காலத்தைச் சொல்லிவிடலாம் என்று நினைத்தார்கள். கிடைத்த அளவோ எந்தத் தூசிக் கணக்கிலும் அடங்கவில்லை. கடிகாரமாகச் செய்த கருவி விபத்தைக் காட்டிக்கொடுத்தது.

அந்த இரிடியக் கோட்டை அரியலூரில் தேடினால் கிடைக்குமா? இங்கே எல்லை செந்துறைப் பக்கம் ஓடுகிறது. அதன் கீழே கல்லமேட்டுப் படிவு. கடல் பின்வாங்கியபின் ஆறுகள் போட்ட மணலும் களிமண்ணும். அதில் எலும்புகள் கிடைக்கின்றன. இங்கிருந்துதான் 1980களின் இறுதியில் யாதகிரி, அய்யாசாமி என்ற ஆய்வாளர்கள் ப்ருஹத்காயோசாரஸ் என்ற மாபெரும் டைனோசரை விவரித்தார்கள். அதன் முழங்காலுக்குக் கீழுள்ள எலும்பு மட்டுமே 2 மீட்டர் நீளம் என்று பதிவாகியிருக்கிறது. பதிவுதான் மிச்சம்; மழையில் ஊறிய எலும்புகள் பிறகு பொடிந்துபோயின. களத்தில் எடுத்த பழைய படங்கள் 2022-இல் வெளியான பிறகே உலகம் அதை மீண்டும் பேசத் தொடங்கியது.

கல்லமேட்டுக்கு மேலே நின்னியூர்ப் படிவு. மீண்டும் கடல். அதில் ஓர் அம்மோனைட்கூட இல்லை. அதற்குப் பதில் ஹெர்கோகிளாசா டானிகா என்ற நாட்டிலஸ் வகை. டென்மார்க்கில், இரிடியக் களிமண்ணுக்கு மேலே உள்ள சுண்ணாம்புப் பாறைகளில் வாழ்ந்த அதே உயிர். கீழே டைனோசர், மேலே டென்மார்க்கின் நாட்டிலஸ். எல்லை இரண்டுக்கும் நடுவில்தான் இருக்க வேண்டும். ஆனால் அந்த நடுவில் இருப்பது ஓர் இடைவெளி. உலகம் இடிந்த அந்தத் தருணத்தில் அரியலூர்க் கடல் இங்கே இல்லை. அது திரும்பி வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது.

இத்தகைய அறுப்பை ஒட்ட ஒரே வழிதான் உண்டு: அந்த நேரத்தில் வண்டல் சேர்வது நிற்காத இடத்தைத் தேடிப் போவது. உலகளவில் அந்த இடம் துனீசியாவின் எல் கெஃப். இந்த எல்லைக்கான அதிகாரபூர்வ அளவுகோல் அங்கேதான் இருக்கிறது. இந்தியாவில் மேகாலயத்தின் உம் சோரிங்க்யூ ஆற்றங்கரையிலும், குஜராத்தின் அஞ்சாரில் எரிமலைக் குழம்புகளுக்கு இடையே சிக்கிய ஏரிப் படிவிலும் அகமதாபாத் ஆய்வாளர்கள் இரிடியத்தைக் கண்டார்கள். காவிரிப் படுகைக்குள்ளேயே கிழக்கே போனால் அடுக்குகள் பூமிக்கடியில் கனத்துக்கொண்டே போகின்றன. கடலும் ஆழமாக இருந்த பக்கம் அது. எண்ணெய் தேடித் துளையிடும்போது வரும் பாறைத் துகளில் மிதவை நுண்ணுயிர்களின் ஓடுகளை எண்ணி, மேற்கில் தொலைந்த லட்சங்களை ஓரளவு மீட்கிறார்கள். எண்ணெய்க் கம்பெனிகளுக்கு இதில் பக்தி ஏதும் கிடையாது. இடைவெளிப் பரப்புகளின் அடியில் எண்ணெய் தங்கும் வாய்ப்பு உண்டு என்பதுதான் காரணம்.

இந்தப் பாறைகளை நாடி வருபவை எண்ணெய்க் கம்பெனிகள் மட்டுமல்ல. மேற்கே திருச்சி மாவட்ட எல்லைக்குள், கல்லக்குடியில், சிமெண்டுக்கு வெட்டப்படுவது ஒரு பவளப்பாறைத் திட்டு. அரியலூரைச் சுற்றி ஆலைகள் வெட்டுவது கல்லங்குறிச்சிச் சுண்ணாம்பை. ஏறத்தாழ 7 கோடி ஆண்டுகளுக்கு முன் கடலடியில் மேடுகட்டிக் கிடந்த தடித்த சிப்பிகளை. சுரங்கம் வெட்டாவிட்டால் இந்த அடுக்குகளை இத்தனை சுத்தமாகப் பார்த்திருக்க முடியாது என்பதை ஆய்வாளர்கள் ஒப்புக்கொள்வார்கள். வெட்டியது திரும்பி வராது என்பதும் உண்மை. வாரணவாசி அருங்காட்சியகத்தில் சில மாதிரிகள் பத்திரமாக இருக்கின்றன. சாத்தனூர் மரமும் காரையின் பள்ளநிலமும் தேசிய நிலவியல் நினைவுச்சின்னங்கள். அடுக்குகளின் வரிசை மட்டும் அருங்காட்சியகத்துக்குள் போகாது. அது நின்ற இடத்தில் நின்றால்தான் வரிசை. ஒரு சுரங்கமுகம் பின்வாங்கும் முன் அதை அளந்து, படம் எடுத்து, மாதிரி எடுத்து வைப்பதை உரிமத்தின் நிபந்தனையாகவே ஆக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. செலவு ஒன்றும் பெரிதல்ல.

கைவிடப்பட்ட குழிகளில் மழைநீர் நிற்கிறது; ஓரத்து மண் கரைந்து அடியில் படிகிறது. அந்தச் சேற்றுக்குக் கீழே மிஞ்சியிருப்பவை கிரிட்டேசியச் சிப்பிகள். 7 கோடி ஆண்டு இடைவெளி, நடுவே ஒரு கோடு, கோட்டின்மேல் உடைந்த சுண்ணாம்புத் துண்டுகள். நைஸ் பாறைமேல் கடல் செய்த அதே வேலையை மண்வாரி இயந்திரங்கள் சில பத்தாண்டுகளில் செய்து முடித்திருக்கின்றன.